தள்ளி வைத்த டம்ளர்

வியாசர்பாடி
16.7.2006, ஞாயிறு

அன்புள்ள மாமாவுக்கு,

மகிழினி எழுதுகிறேன். ஒரு வாரமாக உங்களுக்குப் போன் செய்கிறேன். என் குரலைக் கேட்டதும், "அன்பு இல்ல, டூட்டிக்குப் போயிருக்கான்" என்று சொல்லி வைத்துவிடுகிறீர்கள். உங்கள் மகன் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தபோதும் அப்படித்தான் சொன்னீர்களாம். கல்மண்டபத்திலிருந்து வியாசர்பாடிக்குப் பஸ்ஸில் அரை மணி நேரம். அந்தத் தூரத்துக்கு இன்லேண்ட் லெட்டர் வாங்கும்படி ஆகிவிட்டது.

நான் அம்மா வீட்டுக்குக் கிளம்பி வந்த காரணத்தை நீங்கள் கேட்கவில்லை. கேட்காவிட்டாலும் சொல்கிறேன். உங்கள் இடது விலாவில் அக்கிக் கொப்புளங்கள் வந்திருப்பதை எங்கள் பள்ளிக்கூடத்தில் பேச்சுவாக்கில் சொன்னேன். ஒரு டீச்சர் பதறிப்போனார். அக்கியும் சின்னம்மையும் ஒரே கிருமி, அம்மை வராத கர்ப்பிணி அக்கி வந்தவர் பக்கத்தில் இருக்கக் கூடாது என்றார். எனக்கு அம்மை வந்ததே இல்லை என்று அம்மா சத்தியம் செய்கிறார். எனக்கு ஐந்தாம் மாதம். பயந்துவிட்டேன். வேறு காரணம் எதுவும் இல்லை.

நீங்கள் தூங்கும்போது கிளம்பியது தவறு. உங்களை எழுப்பி என்னவென்று சொல்வது என்று தெரியவில்லை.

சட்டை போடாமல் மீன்பிடித் துறைமுகம் வரை நடந்துவிட்டு வருகிறீர்களாம். டாக்டரைப் பார்த்தீர்களா? வலி எப்படி இருக்கிறது? இரண்டு வரி எழுதினால் போதும்.

உங்கள் மருமகள்,
மகிழினி

&nbsp;

கல்மண்டபம்
19.7.2006

மகிழினிக்கு,

கடிதம் கிடைத்தது. நீ கேட்டதற்குப் பதில். கொப்புளம் காய்ந்துவிட்டது. வலி போகவில்லை. டாக்டரைப் பார்த்தேன், ஆறாம் நாள். முதல் மூன்று நாளுக்குள் வந்திருந்தால் மாத்திரை நன்றாக வேலை செய்திருக்கும் என்று திட்டினார்.

நீ கேட்காததையும் சொல்கிறேன். நீ போனதில் எனக்கு வருத்தம் இல்லை. பிள்ளை உண்டானவள் அம்மா வீட்டுக்குப் போவது உலகத்தில் இல்லாததா? அதற்கு இரண்டு நாள் முன்னால் தண்ணீர் குடிக்கச் சமையலறைக்குள் வந்தேன். என் டம்ளரும் தட்டும் ஜன்னல் மேடையில் தனியாக இருந்தன. நான் ஓய்வு பெற்றபோது யூனியனில் கொடுத்த எவர்சில்வர் டம்ளர். என் பெயர் வெட்டியது. திருப்பிப் பார்த்தேன். அடியில் சிவப்பு நகப்பூச்சால் ஒரு பொட்டு வைத்திருந்தாய். பெயர் வெட்டிய டம்ளருக்கு அடையாளம் எதற்கு?

அதில் நான் குடிக்கவில்லை. குழாயைத் திறந்து கையில் பிடித்துக் குடித்தேன்.

எனக்கு ஒன்பது வயதிருக்கும்போது அப்பா தன் சொந்த ஊருக்கு ஒரு முறை அழைத்துப் போனார். அங்கே டீக்கடைக் கூரையில், ஓர் ஆணியில், எங்கள் ஆட்களுக்கென்று கண்ணாடி கிளாஸ் தொங்கியது. குடித்துவிட்டு நாமே கழுவி மாட்ட வேண்டும். அப்பா குடித்தார், கழுவினார், மாட்டினார். நான் தொடவில்லை. அதன் பிறகு அந்த ஊருக்கு நான் போனதும் இல்லை. இந்தக் கதை உனக்குத் தெரியும். கல்யாணமான புதிதில் நானே சொன்னேன். நீ அழுதாய். அழுதவள்தான் பொட்டு வைத்தாய்.

அக்கி தொற்று வியாதி அல்ல. போர்ட்டில் முப்பத்தைந்து வருஷம் இருந்தேன். கிரேன் கேபினில் வெந்து, உடம்பு சூடாகி அக்கி வந்தவர்கள் எத்தனையோ பேர். ஒருவனுக்கு வந்த அக்கி பக்கத்தில் இருந்தவனுக்கு வந்து நான் பார்த்ததில்லை.

இப்படிக்கு,
கோ. கோதண்டம்

&nbsp;

வியாசர்பாடி
22.7.2006

அன்புள்ள மாமாவுக்கு,

உங்கள் கடிதத்தை மூன்று முறை படித்துவிட்டுத்தான் பெரம்பூரில் டாக்டர் ஜெமிமாவைப் பார்க்கப் போனேன். எல்லாவற்றையும் சொன்னேன். டம்ளரையும் சொன்னேன்.

"டம்ளரை எதுக்கும்மா தள்ளி வச்ச? அதுல ஒண்ணும் பரவாது. அவரு துணியை யாரு துவைச்சா?" என்று கேட்டார்.

"நான்தான்."

"கொப்புளத் தண்ணி பட்ட துணியையா?"

"ஆமா டாக்டர். பனியன். கறை போகலன்னு பிரஷ் போட்டுத் தேய்ச்சேன்."

அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். சின்ன வயதில் வரும் அம்மை ஆறிப்போனாலும் அந்தக் கிருமி உடம்பை விட்டுப் போவதில்லை. முதுகெலும்பை ஒட்டி, நரம்பின் வேரில் தூங்குகிறது. நாற்பது, ஐம்பது வருஷம்கூடத் தூங்கும். வயதாகி உடம்பின் எதிர்ப்புச் சக்தி குறையும்போது விழித்து அந்த ஒரு நரம்பு வழியாகவே தோலுக்கு வருகிறது. அதனால்தான் ஒரு பக்கம் மட்டும், பட்டை கட்டினாற்போல. வெயிலுக்கும் சூட்டுக்கும் சம்பந்தம் இல்லை. கொப்புளத் தண்ணீரில் அந்தக் கிருமி உயிரோடு இருக்கிறது. அம்மை வராதவர் மேல் அது பட்டால் அம்மை வரும். பொருக்குக் கட்டிவிட்டால் பயமில்லை.

ஆகவே நீங்கள் போர்ட்டில் பார்த்தது சரிதான் மாமா. அக்கியிலிருந்து அக்கி வராது. அம்மை வரும். அது அக்கியிலிருந்து வந்தது என்று யாரும் நினைத்திருக்க மாட்டார்கள்.

ரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். அம்மைக்கு எதிரான சக்தி என் உடம்பில் இல்லை. துணி பட்ட சில நாளுக்குள் வந்திருந்தால் அதற்கென்று ஓர் ஊசி தேடிப் பார்த்திருக்கலாமாம். அந்த நாள் தாண்டிவிட்டது. அம்மைக்குத் தடுப்பூசி இருக்கிறது. கல்யாணத்துக்கு முன்பு போட்டிருந்தால் இந்தப் பேச்சே இல்லை. வயிற்றில் குழந்தையோடு போடக் கூடாது. இனி செய்ய ஒன்றும் இல்லை. இந்த மாதம் முடியும் வரை உடம்பைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். பெரியவர்களுக்கு அம்மை வந்தால் நுரையீரலைப் பிடிக்கலாம், அபூர்வமாகக் குழந்தையின் கையையோ கண்ணையோ பாதிக்கலாம் என்றார். நான் கேட்டதால் சொன்னார்.

டம்ளரைப் பற்றி. தெரியாமல் செய்தேன் என்று சொல்ல மாட்டேன். ஆணியில் தொங்கிய கிளாஸ் எனக்கு நினைவிருந்தது. நினைவிருந்தும் வைத்தேன். பயம் வந்தால் என் கை முதலில் எதைச் செய்கிறது என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன். அதைத் தெரிந்துகொள்ளாமலே இருந்திருக்கலாம்.

மகிழினி

&nbsp;

கல்மண்டபம்
24.7.2006

மகிழினிக்கு,

காலையிலிருந்து இரண்டு முறை துறைமுகம் வரை போய்வந்தேன். உட்கார முடியவில்லை. அன்பரசன், "இன்னா நைனா, காவல்காரன் மாதிரி சுத்திகினே கீற?" என்கிறான். அவனிடம் சொல்ல முடியாததை உன்னிடம் சொல்லியாக வேண்டும்.

அந்தப் பனியனில் இருந்தது துரு இல்லை.

"என்ன மாமா இது, செவப்பா?" என்று நீ கேட்டாய். பழைய இரும்புப் பெஞ்சில் சாய்ந்தேன், துரு என்றேன். அது காவி. அக்கி எழுதிய காவி.

முதல் நாள் காஜா மொய்தீன் வந்தான். போர்ட்டில் எனக்குக் கீழே நின்று கிரேனுக்குக் கொடி காட்டியவன், தெரியுமே. என் விலாவைப் பார்த்தான். "மாமு, இது அக்கி. டாக்டராண்ட போனா ஊசியப் போட்டு காச புடுங்கிடுவான். திருவொத்தியூர்ல மண்ணாங்கட்டின்னு ஒரு ஆளு கீறான். பானை செய்யறவன். மூணு காலைல எழுதுவான். ஓடிப்பூடும்" என்றான்.

"எனக்கு இதுல நம்பிக்கை இல்லடா."

"எனக்கும்தான் இல்ல. உனுக்கு வலி கீதா இல்லியா? வா."

போனேன். மண்ணாங்கட்டி நல்ல மனிதர். காவியைக் கல்லில் உரைத்துக்கொண்டே, "சிங்கம் எழுதட்டா, நாய் எழுதட்டா?" என்று கேட்டார். கொப்புளப் பட்டையின் இரண்டு முனையும் உடம்பைச் சுற்றி வந்து சேர்ந்துவிட்டால் ஆள் பிழைக்க மாட்டான், அதனால் முனையில் சிங்கத்தை உட்கார வைக்க வேண்டுமாம். காஜா முந்திக்கொண்டு, "சிங்கமே போடுங்க. யூனியன் தலைவரு" என்றான். மூன்று நாள் சட்டைக்குள் சிங்கத்தோடு திரிந்தேன். நாற்பது வருஷம் மேடையில் ஏறி மூடநம்பிக்கையைத் திட்டியவன், மருமகள் பார்த்துவிடக் கூடாதே என்று மேலே பனியனும் சட்டையும் போட்டு மூடினேன். அதனால்தான் கொப்புளம் உடைந்து பனியனில் ஒட்டியது. அதனால்தான் காவிக் கறை. அதனால்தான் நீ பிரஷ் போட்டாய். நான் கூடத்தில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டு அந்தப் பிரஷ் சத்தத்தைக் கேட்டேன்.

மண்ணாங்கட்டியின் விரல் என் விலாவில் பட்டது. கூசாமல் தொட்டார். நீ டம்ளரைத் தள்ளி வைத்த அதே வாரம். அந்தக் கோபத்தில்தான் போன கடிதத்தை எழுதினேன். அதை எழுதியிருக்க வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் அதை எழுதியபோது அந்தப் பனியனால் உனக்கு ஆபத்து என்று எனக்குத் தெரியாது.

தினமும் ஒரு கார்டு போடு. ஒரே வரி போதும். போனில் வேண்டாம். போனில் எனக்குப் பேச வரவில்லை.

மாமா

&nbsp;

(அஞ்சலட்டை)
26.7.2006

மாமாவுக்கு,

இன்று காலை பார்த்தேன். ஒன்றும் இல்லை. முழங்கையில் ஒரு கொசுக்கடி. அதைப் பார்த்து அம்மா கத்தியதில் பக்கத்து பிளாக்கிலிருந்து ஆட்கள் வந்துவிட்டார்கள்.

யூனியன் சிங்கத்தை நினைத்துச் சிரித்தேன். சிரித்து முடித்த பிறகு கோபம் வந்தது. துரு என்று சொன்னீர்களே.

மகிழினி

&nbsp;

(அஞ்சலட்டை)
கல்மண்டபம்
28.7.2006

மகிழினிக்கு,

கார்டு கிடைத்தது. கோபம் நியாயம். வட்டி போட்டுத் திட்டு, வாங்கிக்கொள்கிறேன். நாளைக்கும் எழுது.

மாமா

&nbsp;

வியாசர்பாடி
30.7.2006, ஞாயிறு
(அன்பு கையில்)

மாமாவுக்கு,

நேற்றுச் சாயங்காலம் காய்ச்சல். இன்று காலை கழுத்தில் இரண்டு, வயிற்றில் ஐந்து. இந்தக் கடிதத்தை எழுதும்போதே கையில் ஒன்று வருகிறது. டாக்டர் பார்த்துவிட்டு, நேரத்தோடு வந்தாய் என்று மாத்திரை கொடுத்தார். ஒரு நாளைக்கு ஐந்து வேளை. மூச்சு வாங்கினாலோ இருமல் வந்தாலோ ஒரு நிமிஷம் தாமதிக்காமல் ஆஸ்பத்திரிக்கு வரச் சொன்னார்.

அண்ணியும் குழந்தைகளும் புளியந்தோப்புக்குப் போய்விட்டார்கள். அம்மாவுக்கும் அம்மை வந்ததில்லை. அவர் வராந்தாவில் நின்று சாப்பாட்டை வாசலில் வைக்கிறார். நான் உள்ளே போன பிறகு தட்டை எடுக்கிறார். என் தட்டு, என் டம்ளர், எல்லாம் தனி. அம்மா அழுதுகொண்டே செய்கிறார். நான் உள்ளே உட்கார்ந்து உங்களை நினைத்துக்கொள்கிறேன்.

அன்புவுக்குச் சின்ன வயதில் வந்திருக்கிறது. ஆனால் மணலியில் ஆலையை நிறுத்திப் பழுது பார்க்கும் ஷட்டவுன் வேலை, லீவு கிடையாதாம். ராத்திரி மட்டும் வருவார். அம்மை வந்து போனவர்கள் என் பக்கத்தில் இருந்தால் அவர்களுக்கு ஒன்றும் ஆகாது என்று டாக்டர் சொன்னார். அவர் சொன்னதை எழுதினேன். வரச் சொல்லி எழுதவில்லை. உங்களுக்கு இன்னும் வலி இருக்கிறது என்று அன்பு சொன்னார்.

வயிற்றில் குழந்தை அசைகிறது. இப்போதுகூட.

மகிழினி

&nbsp;

(சீட்டு)
வியாசர்பாடி
2.8.2006, காலை

மகிழினி,

தூங்குகிறாய், எழுப்பவில்லை. மருந்துக் கடைக்குப் போகிறேன். கஞ்சி மூடியிருக்கிறது, உப்புப் போட்டாயிற்று. சொறியாதே. நகத்தை நேற்று நான் வெட்டியது சரியாக இல்லை, ஓரம் கீறும்.

சம்பந்தியம்மா வராந்தாவிலிருந்து, "அண்ணே, வேப்பிலை கட்டட்டுமா, உங்களுக்குப் பிடிக்காதே?" என்று கேட்டார். கட்டுங்கம்மா, நானே சட்டைக்குள் சிங்கம் வைத்திருந்தவன் என்றேன். புரியாமல் பார்த்தார். நீ சொல்லிவிடாதே.

தலைமாட்டில் இருப்பது என் டம்ளர். அதில் குடி. பொட்டு அடியில்தான் இருக்கிறது, குடிக்கும்போது கண்ணில் படாது.

மாமா

&nbsp;

வியாசர்பாடி
10.9.2006

அன்புள்ள மாமாவுக்கு,

பொருக்கு உதிர்ந்து முடிந்ததும் அடுத்த நாள் காலை, "வரேம்மா" என்று ஒரு வார்த்தையோடு போய்விட்டீர்கள். அதன் பிறகு வரவே இல்லை. உங்கள் டம்ளர் இங்கேயே இருக்கிறது. நன்றி என்று எழுதிப் பார்த்தேன். பள்ளிக்கூட ஆண்டு விழாவில் பேசுவது போல இருந்தது. அடித்துவிட்டேன்.

ஸ்கேன் எடுத்தோம். கை இரண்டு, கால் இரண்டு, முதுகெலும்பு நேராக இருக்கிறது, தலை சரியாக வளர்ந்திருக்கிறது. டாக்டர் ஒவ்வொன்றாகக் காட்டினார். அம்மை வந்த கர்ப்பிணிகளில் நூற்றில் ஒன்றிரண்டு குழந்தைகளுக்குத்தான் பாதிப்பு வருமாம். அந்த ஒன்றிரண்டில் நாம் இல்லை. இனி பிரசவத்துக்கும் பயமில்லை, நேரம் நிறைய இருக்கிறது என்றார்.

அம்மா அங்கேயே அம்மைத் தடுப்பூசி போட்டுக்கொண்டார். "அம்பது வயசுல எனக்குக் கொயந்த ஊசியா?" என்று டாக்டரிடம் சண்டை. "பேரப்பிள்ளை வந்தா தூக்கணுமா வேண்டாமா?" என்று டாக்டர் கேட்டதும் கையை நீட்டிவிட்டார். இன்னும் ஒன்று பாக்கி.

ஒன்று கேட்க வேண்டும். இருமல் வந்த அன்று ஆட்டோவில் ஆஸ்பத்திரிக்குப் போகும்போது நான் உங்கள் மேல் சாய்ந்தேன். இடது பக்கம். நீங்கள் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தீர்கள். என்னைப் பார்த்துப் பயந்துவிட்டீர்கள் என்று அப்போது நினைத்தேன். கொப்புளம் காய்ந்து எத்தனையோ நாள் ஆகிறதே, இன்னுமா வலிக்கிறது? அன்புவைக் கேட்டால், "நைனா ஒண்ணும் சொல்றதில்ல" என்கிறார்.

அடுத்த மாதம் வளைகாப்பு. வருவீர்கள்தானே?

மகிழினி

&nbsp;

கல்மண்டபம்
29.10.2006

அன்புள்ள மருமகளுக்கு,

வளைகாப்புக்கு வரவில்லை என்று கோபித்துக்கொண்டு, அன்பரசன் கையில் வெறும் எலுமிச்சை சாதம் மட்டும் கொடுத்தனுப்பினாய். சாப்பிட்டேன். புளிப்பு அதிகம்.

வராத காரணம். கொப்புளம் போய் மூன்று மாதம் ஆகிவிட்டது. வலி போகவில்லை. தொட்டால் வலிக்கிறது என்றால் புரியும். இது தொடாமலே வலிக்கிறது. பனியன் உரசினால் சூடான கம்பியை இழுத்தது போல் இருக்கிறது. மின்விசிறிக் காற்றுப் பட்டாலே எழுந்து நின்றுவிடுகிறேன். உட்கார்ந்தால் நிற்கத் தோன்றுகிறது, நின்றால் நடக்கத் தோன்றுகிறது. துறைமுகத்தில் மீன்காரிகள், "ஐயா, நீ எதனா தொலைச்சிட்டியா?" என்று கேட்கிறார்கள். கல்யாண வீடு மாதிரி கூட்டத்தில் யாராவது கட்டிப்பிடித்தால் கத்திவிடுவேன். உன் வளைகாப்பில் கத்த வேண்டாம் என்று இருந்துவிட்டேன்.

பிறகு நீ சொல்லும் டாக்டரையே போய்ப் பார்த்தேன். அவர் பிரசவ டாக்டர். வாசலில் நான் ஒருவன்தான் ஆம்பளை. காஜாவும் கூட வந்தான். அவர் சிரித்துவிட்டு, வேறு ஒரு நரம்பு டாக்டருக்குச் சீட்டு எழுதிக் கொடுத்தார். நரம்பு காயம்பட்டிருக்கிறது, மெதுவாகத்தான் ஆறும், சிலருக்கு வருஷக் கணக்கில் ஆகும் என்று அவர் மாத்திரை கொடுத்திருக்கிறார். பாதி குறைந்திருக்கிறது. முதல் மூன்று நாளில் சிங்கத்திடம் போகாமல் டாக்டரிடம் போயிருந்தால் இவ்வளவு தூரம் வந்திருக்காதோ என்னவோ. உறுதியாகச் சொல்ல முடியாது என்றார். மண்ணாங்கட்டியைக் குற்றம் சொல்ல மாட்டேன். அவர் என்னைக் கூப்பிடவில்லை.

இன்னொன்றும் டாக்டர் ஜெமிமா சொன்னார். அக்கியே வராமல் தடுக்க ஓர் ஊசி இந்த வருஷம்தான் அமெரிக்காவில் வந்திருக்கிறதாம். அறுபது வயது தாண்டியவர்களுக்கு. முழுக்கத் தடுக்காது, ஏறக்குறைய பாதிப் பேருக்குத் தடுக்கும், மீறி வந்தாலும் இந்த நரம்பு வலி நீடிப்பது குறையும் என்றார். இங்கே இன்னும் வரவில்லை.

காஜா எழுந்து நின்றுவிட்டான். "இன்னாம்மா இது? வலி இங்க கீது, ஊசி அங்க கீதா? எப்போ வரும்? எனுக்கும் சின்ன வயசுல அம்மை வந்துகீது. அப்போ எனுக்குள்ள அது தூங்கிகினு கீதா?"

"உங்களுக்கும்தான். அம்மை வந்த எல்லாருக்குள்ளயும்தான்."

"மாமு, கேட்டியா? நான் ஒரு ஆளு இல்ல, ரெண்டு ஆளு" என்றான். அவன் சிரித்தான். நான் வீட்டுக்கு வரும் வழியெல்லாம் உன்னைத்தான் நினைத்துக்கொண்டேன். உனக்குள்ளும் இப்போது அது தூங்குகிறது. என் விலாவிலிருந்து எழுந்து போனதுதான். நீ அறுபதைத் தொடும்போது அந்த ஊசி வியாசர்பாடிக்கும் வந்திருக்கும். வராமல் இருந்தால் போராடி வாங்கு. நான் இருக்க மாட்டேன். நான் சொன்னதாகச் சொல்லிக் கேள்.

மாமா

&nbsp;

வியாசர்பாடி
26.11.2006, ஞாயிறு

அன்புள்ள மாமாவுக்கு,

அன்பு ஓடி வந்து சொல்லியிருப்பார். பெண் குழந்தை. மூன்று கிலோவுக்குக் கொஞ்சம் குறைவு. பிறந்ததும் அழுகிறதா என்றுகூட நான் கேட்கவில்லை. கண்ணைப் பாருங்கள், கையைப் பாருங்கள் என்று கத்தினேனாம். நர்ஸ் கையை விரித்துக் காட்டினார். எல்லாம் சரியாக இருக்கிறது. நெற்றி உங்களுடையது. அதை மறைக்க முடியாது.

எல்லோரும் வந்து பார்த்துவிட்டார்கள். காஜா மாமா பிரியாணியோடு வந்தார். மண்ணாங்கட்டிகூட வந்தாராம், ஒரு சின்ன மண் குடுவை கொடுத்திருக்கிறார். நீங்கள் மட்டும் வரவில்லை. அன்புவிடம், "கொயந்தயத் தூக்கும்போது வலில விட்டுட்டேன்னா?" என்று கேட்டீர்களாம். நேற்றுக் காலையிலிருந்து அதையே நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

பயத்தில் ஒருவரைத் தள்ளி வைத்தால் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். எனக்கும் இப்போது தெரியும். நீங்கள் உங்களையே தள்ளி வைத்துக்கொள்கிறீர்கள் மாமா.

ஒரு வயது முடிந்ததும் குழந்தைக்கு அம்மைத் தடுப்பூசி போட வேண்டும். பிறந்த புதிதில் என்னிடமிருந்து அவளுக்குக் கொஞ்ச நாள் பாதுகாப்பு இருக்குமாம். அம்மை பட்ட கஷ்டத்துக்கு அந்த ஒரு லாபம். இப்போது உங்களிடமிருந்து அவளுக்கு எந்தப் பயமும் இல்லை. டாக்டரிடம் கேட்டுவிட்டேன்.

உங்கள் டம்ளரைக் கழுவி எங்கள் டம்ளர்களோடு கவிழ்த்து வைத்திருக்கிறேன். பொட்டைச் சுரண்டவா என்று அம்மா கேட்டார். உங்களைக் கேட்காமல் செய்ய வேண்டாம் என்றேன்.

மகிழினி

&nbsp;

கல்மண்டபம்
29.11.2006

அன்புள்ள மகிழினிக்கு, ஜெய்பீம்.

பொட்டு இருக்கட்டும். இனி அது அடையாளம் இல்லை. பேத்தி வளர்ந்து கேட்டால் இரண்டு பேரும் உட்கார்ந்து சொல்லலாம். நீ டம்ளரைச் சொல், நான் துருவைச் சொல்கிறேன்.

உன் கடிதம் வந்த அன்றே காஜா வீட்டுக்குப் போனேன். அவன் பேரனுக்கு ஆறு மாதம், அரிசி மூட்டை மாதிரி இருக்கிறான். இடது பக்கம் வாங்கிப் பார்த்தேன். முடியவில்லை, உடனே கொடுத்துவிட்டேன். வலது தோளில் போட்டுப் பார்த்தேன். வாசல் வரை நடந்தேன். தெருமுனை வரை நடந்தேன். காஜா பின்னாலேயே வந்து பழையபடி கையை ஆட்டி, "மெதுவா, மெதுவா, எறக்கு, எறக்கு" என்று கொடி காட்டுகிறான். தெருவே வேடிக்கை பார்த்தது. "மாமு, ஒன்னும் ஆவல. சரக்கு பத்திரம்" என்றான். பையன் என் தோளிலேயே தூங்கிவிட்டான். நான்கைந்து மாதத்தில் முதல் முறையாக நானும் ஒரே இடத்தில் அசையாமல் நின்றேன்.

கிரேனில் முப்பத்தைந்து வருஷம் செய்த வேலை அதுதான். எவ்வளவு பாரமாக இருந்தாலும் ஆட்டாமல் இறக்குவது.

ஞாயிற்றுக்கிழமை காலை வருகிறேன். வாசலில் கூட்டம் சேர்க்காதே, யாரும் கட்டிப்பிடிக்க வேண்டாம் என்று சம்பந்தியம்மாவிடம் சொல்லிவை. தடுப்பூசி போடும் நாளில் அவளை நான்தான் தூக்கிக்கொண்டு போவேன். அதை இப்போதே அன்பரசனிடம் சொல்லிவிட்டேன்.

இடது பக்கம் இன்னும் எரிகிறது. வலது பக்கம் சும்மாதான் இருக்கிறது.

மாமா